பாலி பிளாட் தேர்ந்தெடுத்தவை

பாலி பிளாட்டைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அவருடைய மணவாழ்க்கை முறிந்த இடத்தில்தான் தொடங்குகிறார்கள். 1970ஆம் ஆண்டின் கடைசி மாதங்கள். டெக்சாஸ் மாநிலத்தின் சிற்றூர் ஒன்றில் 'தி லாஸ்ட் பிக்சர் ஷோ' என்ற ஹாலிவுட் படத்தின் படப்பிடிப்பு நடக்கிறது. இயக்குநர் பீட்டர் பாக்டனோவிச். படத்தின் தோற்றம் முழுவதற்கும் பொறுப்பேற்றிருப்பவர் அவருடைய மனைவி பாலி. படம் முடிவதற்குள் இயக்குநருக்கும் புதுமுக நடிகை சிபில் ஷெப்பர்டுக்கும் காதல் உண்டாகிவிடுகிறது. மனைவி ஊரைவிட்டுப் போகாமல் வேலையை முடித்துக்கொடுக்கிறார். பத்திரிகைகளுக்கு இது அள்ள அள்ளக் குறையாத கதையாக இருந்தது. இதைத் தழுவியது என்று பரவலாகப் பேசப்பட்ட படம் ஒன்றுகூட 1984இல் வெளிவந்தது.

எனக்கு இதில் நெடுநாளாகவே கோபம் உண்டு. நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் திரைப்படத்தில் உழைத்து, வடிவமைப்பாளராகவும் திரைக்கதை எழுதுபவராகவும் தயாரிப்பாளராகவும் இருந்த ஒருவரை, கைவிடப்பட்ட மனைவி என்ற ஒரே சட்டகத்துக்குள் அடைத்துவிடுகிறார்கள். அவர் அந்தப் படத்துக்காக எந்த ஊரைத் தேர்ந்தார், ஏன் தேர்ந்தார், அந்தத் தெருவில் எதை வைத்தார், எதை நீக்கினார் என்பவையெல்லாம் அந்தக் காதல் கதையைவிடப் பல மடங்கு சுவையானவை. இந்தக் கட்டுரையில் நான் அவற்றைத்தான் எழுதப்போகிறேன்.

முதலில் அந்த வேலையைப் பற்றிக் கொஞ்சம். தமிழ்ப் படங்களின் பெயர்ப்பட்டியலில் 'கலை' என்று ஒற்றைச் சொல்லில் கடந்துபோகிற துறையின் தலைமைப் பொறுப்பை ஹாலிவுட்டில் புரொடக்‌ஷன் டிசைனர் என்கிறார்கள். 1939இல் 'கான் வித் தி விண்ட்' படத்தைத் தயாரித்த டேவிட் ஓ. செல்ஸ்னிக், வில்லியம் கேமரன் மென்சீஸ் என்ற ஓவியருக்காக உருவாக்கிய பட்டம் அது. அந்தப் படத்தில் இயக்குநர்கள் மாறினார்கள், ஒளிப்பதிவாளர்கள் மாறினார்கள். முன்கூட்டியே காட்சிகளை வரைந்து, நிறங்களை வகுத்து, படம் சிதறாமல் பிடித்து வைத்திருந்தவர் மென்சீஸ். செட் போடுவதும் சாமான் வாங்குவதும் இந்த வேலையின் ஒரு பகுதிதான். திரைக்கதையைப் படித்து, இந்த மனிதர்கள் எப்படிப்பட்ட இடத்தில் வாழ்வார்கள், அவர்கள் வீட்டில் எது இருக்கும், எது இருக்கவே இருக்காது, முதல் காட்சிக்கும் கடைசிக் காட்சிக்கும் இடையில் நிறங்கள் எப்படி மாற வேண்டும் என்றெல்லாம் முடிவு செய்வதுதான் அதன் மையம். இயக்குநர் வந்து கேமராவை வைப்பதற்கு முன்பே படத்தின் பாதி முடிவுகள் இப்படி எடுக்கப்பட்டிருக்கும்.

பாலி 1939 ஜனவரி 29 அன்று இல்லினாய் மாநிலத்தில் ஃபோர்ட் ஷெரிடன் என்ற ராணுவத் தளத்தில் பிறந்தார். தந்தை ராணுவ அதிகாரி. இரண்டாம் உலகப்போர் முடிந்ததும் ஜெர்மனியில் நடந்த டாக்காவ் போர்க்குற்ற விசாரணைகளில் அவருக்குப் பணி. அதனால் மகளின் சிறுவயதில் ஒரு பகுதி இடிபாடுகளுக்கு நடுவே கழிந்தது. கூரை போய்ச் சுவர் மட்டும் நிற்கும் வீடுகளைப் பார்த்து வளர்ந்த குழந்தை, பிறகு வாழ்நாளெல்லாம் வீடுகளை அமைக்கும் வேலைக்கு வந்தது என்று எழுதிவிட ஆசையாக இருக்கிறது. ஆனால் வாழ்க்கை வரலாறுகள் இவ்வளவு நேர்க்கோட்டில் செல்வதில்லை என்பதால் அதை வற்புறுத்த மாட்டேன். பிட்ஸ்பர்க்கின் கார்னகி கல்லூரியில் நாடகம் படித்தார். பெண்களை உடையலங்காரத்தின் பக்கம் திருப்பிவிடுவது அக்கால வழக்கம். முதல் கணவர் திருமணமான சில மாதங்களில் கார் விபத்தில் இறந்துபோனார். நியூயார்க் நாடக உலகில் உடைகள் தைத்துக்கொண்டிருந்தபோது பாக்டனோவிச்சைச் சந்தித்து, 1962இல் மணந்துகொண்டார். இருவருக்கும் சினிமாவைத் தவிர வேறு பேச்சு இருந்ததாகத் தெரியவில்லை. 1964இல் லாஸ் ஏஞ்சலஸுக்குக் குடிபெயர்ந்தார்கள்.

அங்கே அவர்களுக்குக் கதவைத் திறந்தவர் ராஜர் கார்மன். குறைந்த பணத்தில், குறைந்த நாட்களில் படம் எடுப்பதில் மன்னர். அவரிடம் வேலைக்குச் சேர்ந்தவர்கள் எல்லா வேலையும் செய்ய வேண்டும். 1966இல் வந்த 'தி வைல்ட் ஏஞ்சல்ஸ்' படத்தில் நடிகை நான்சி சினாட்ராவுக்குப் பதிலாக மோட்டார் சைக்கிள் காட்சியில் உட்கார்ந்தவர் பாலிதான்.

அடுத்து கார்மன் பாக்டனோவிச்சிடம் ஒரு கணக்கை நீட்டினார். திகில் படங்களின் முதுபெரும் நடிகர் போரிஸ் கார்லோஃப் கார்மனுக்கு இரண்டு நாள் வேலை பாக்கி வைத்திருக்கிறார். அந்த இரண்டு நாட்களில் அவரை வைத்து இருபது நிமிடம் எடுத்துக்கொள். அவருடைய பழைய படமொன்றிலிருந்து இருபது நிமிடம் எடுத்துக்கொள். மற்ற நடிகர்களை வைத்து இன்னும் நாற்பது நிமிடம் எடு. சேர்த்தால் ஒரு படம். இப்படிப் பிறந்ததுதான் 1968இல் வெளியான 'டார்கெட்ஸ்'.

இந்த வினோதக் கணக்குக்குள் உயிரைக் கொண்டுவந்தது பாலியின் யோசனை. 1966 ஆகஸ்ட் 1 அன்று டெக்சாஸ் பல்கலைக்கழகக் கோபுரத்தில் ஏறி நின்று கண்ணில் பட்டவர்களையெல்லாம் சுட்ட சார்ல்ஸ் விட்மேன் நினைவு அப்போது அமெரிக்காவில் ஆறாமல் இருந்தது. அப்படிப்பட்ட ஓர் இளைஞனையும், தன் படங்கள் இனி யாரையும் பயமுறுத்தாது என்று ஓய்வுபெற நினைக்கும் திகில் நடிகரையும் ஒரே கதையில் வைக்கலாம் என்பது அவர் சொன்னது. படத்தின் கதை உரிமைப் பட்டியலில் அவர் பெயர் இருக்கிறது.

வடிவமைப்பாளராகவும் அவர் அங்கே செய்திருப்பதைப் பாருங்கள். முதிய நடிகரின் உலகம் பழுப்பும் மஞ்சளுமாக இருக்கிறது. கொலைகார இளைஞன் வாழும் புறநகர் வீடு வெளிர்நீலமும் வெள்ளையுமாக, பளிச்சென்று இருக்கிறது. பயங்கரம் குடியிருக்கும் வீட்டில் ஒரு இருட்டு மூலைகூடக் கிடையாது. குடும்பம் ஒன்றாக உட்கார்ந்து தொலைக்காட்சி பார்க்கிறது, அம்மாவும் மனைவியும் அன்பாகத்தான் பேசுகிறார்கள். அந்தச் சுவர்களில் ஒட்டிக்கொள்ள எதுவுமே இல்லை என்பது மட்டும் நமக்கு மெல்ல உறைக்கிறது. அந்த இளைஞன் ஏன் சுட்டான் என்று படம் ஒரு வசனத்திலும் விளக்காது. எனக்கு அந்தச் சுவர்களே போதுமான விளக்கமாக இருந்தன. கதையை யோசித்த மூளையும் வண்ணத்தைத் தேர்ந்த கண்ணும் ஒருவருடையதாக இருந்ததால்தான் இது நடந்தது என்று நம்புகிறேன். அவருடைய பிற்கால வாழ்க்கை முழுவதற்கும் இதுவே வித்து.

பிறகு டெக்சாஸ். லாரி மக்மர்ட்ரி எழுதிய 'தி லாஸ்ட் பிக்சர் ஷோ' நாவலைப் படமாக்கலாம் என்ற முடிவில் பாலிக்குப் பெரும்பங்கு உண்டு. 1951ஐ ஒட்டிய ஆண்டுகளில், காய்ந்துகொண்டிருக்கும் ஒரு சிற்றூரில், பள்ளியை முடிக்கும் இளைஞர்களின் கதை அது. ஊரின் ஒரே திரையரங்கம் மூடப்படுகிறது. மக்மர்ட்ரியோடு காரில் டெக்சாஸ் ஊர்களைச் சுற்றிப் பார்த்தார்கள். கடைசியில் பிடித்துப்போனது எழுத்தாளரின் சொந்த ஊரான ஆர்ச்சர் சிட்டியேதான். நாவலில் தங்கள் ஊரின் குட்டு உடைபட்டதாகப் பலர் அவர்மீது வருத்தத்தில் இருந்த ஊர்.

புதிய செட் போடுவதைக் காட்டிலும், இருப்பதில் எதைக் கைவைக்காமல் விடுவது என்று அறிவது கடினம். ஆர்ச்சர் சிட்டியின் அகன்ற தெரு, போக்குவரத்து விளக்கு, மூடிக்கிடந்த ராயல் தியேட்டரின் முகப்பு ஆகியவை அங்கே ஏற்கெனவே இருந்தன. பெரிய ஸ்டுடியோவின் கைதேர்ந்த ஆட்கள் வந்திருந்தால் அந்தத் தெருவை நிரப்பியிருப்பார்கள்: பழைய கார்கள், பெயர்ப்பலகைகள், அந்தக் காலத்து விளம்பரங்கள். பாலி தெருவைக் காலியாக வைத்தார். காற்றும் புழுதியும் அந்த வெறுமையில்தான் தெரிகின்றன. பில்லியர்ட்ஸ் கூடம், சிற்றுண்டிக் கடை, திரையரங்கம் மூன்றுக்கும் உரிமையாளர் சாம் என்ற ஒரே மனிதர். அவர் இறந்ததும் ஊரே உரிமையாளர் இல்லாததாகிவிடுகிறது. இதை வசனம் சொல்வதற்கு முன்பே அந்தத் தெரு சொல்லிவிடுகிறது.

படத்தைக் கறுப்பு வெள்ளையில் எடுக்கச் சொன்னவர் 'சிட்டிசன் கேன்' படத்தின் இயக்குநர் ஆர்சன் வெல்ஸ். கறுப்பு வெள்ளை என்றால் வடிவமைப்பாளருக்கு நிறக்கவலை இல்லை என்று நினைப்பவர்கள் உண்டு. உண்மையில் கவலை இரட்டிப்பாகும். கண்ணுக்கு நேர் எதிரான சிவப்பும் பச்சையும் படச்சுருளில் ஒரே சாம்பலாக விழுந்துவிடலாம். சுவருக்கும் அதன் முன்னால் நிற்பவரின் சட்டைக்கும் வேறுபாடு இல்லாமல் போனால் நடிகர் சுவரில் கரைந்துவிடுவார். ஒவ்வொரு துணியையும் ஒவ்வொரு வண்ணப்பூச்சையும் அது எவ்வளவு வெளிச்சத்தை விழுங்கும், எவ்வளவைத் திருப்பித் தரும் என்று பார்த்துத்தான் வாங்க வேண்டும். ராபர்ட் சர்ட்டீஸின் ஒளிப்பதிவைப் பலரும் பாராட்டியிருக்கிறார்கள், நியாயமாகவே. அந்த ஒளி விழுந்த பரப்புகளை அமைத்தவரையும் சேர்த்துப் பாராட்ட வேண்டும். படம் எட்டு ஆஸ்கர் பரிந்துரைகளைப் பெற்று, பென் ஜான்சனுக்கும் குளோரிஸ் லீச்மனுக்கும் துணை நடிப்புக்கான விருதுகளைத் தந்தது. கலை வடிவமைப்புக்கு அந்த எட்டில் இடமில்லை.

மணவாழ்க்கை உடைந்த பிறகும் பாக்டனோவிச்சின் அடுத்த படத்தை அவரே வடிவமைத்தார். ஏன் ஒப்புக்கொண்டார் என்று இன்றும் கேட்கிறார்கள். இரண்டு சிறு பெண்குழந்தைகள், கையில் தொழில், எதிரே ஒரு பெரிய ஸ்டுடியோ படம். நான் இந்தக் கேள்வியைக் கேட்கவே மாட்டேன். அந்தப் படத்தின் வழியாகத்தான் அவர் கலை இயக்குநர்களின் சங்கத்துக்குள் நுழைந்தார். அங்கே புரொடக்‌ஷன் டிசைனராகச் சேர்த்துக்கொள்ளப்பட்ட முதல் பெண் என்று அவரைக் குறிப்பிடுவது வழக்கம். ஹாலிவுட் தோன்றி அரை நூற்றாண்டுக்கு மேல் ஆகியிருந்த காலம் அது.

படத்தின் பெயர் 'வாட்ஸ் அப், டாக்?', வெளியான ஆண்டு 1972. பார்ப்ரா ஸ்ட்ரைசாண்டும் ரயன் ஓ'நீலும் நடித்த நகைச்சுவை. ஒரே மாதிரியான நான்கு கட்டம்போட்ட பைகள், சான்பிரான்சிஸ்கோவில் ஒரு விடுதி, ஒரே தளத்தில் அடுத்தடுத்த அறைகள், அவற்றுக்கிடையே ஒரு நடைவழி. யார் எந்தக் கதவில் நுழைகிறார், யார் எதிலிருந்து வெளியே எட்டிப்பார்க்கிறார் என்பதில்தான் சிரிப்பு முழுவதும் அடங்கியிருக்கிறது. கதவுகளின் இடைவெளி ஒரு முழம் கூடினாலோ குறைந்தாலோ காட்சியின் தாளம் கெட்டுவிடும். சிரிப்புப் படத்தில் வடிவமைப்பை யாரும் கவனிப்பதில்லை. நானும் இதைச் சத்தத்தை அணைத்துவிட்டு ஓடவிட்டபோதுதான் அந்த நடைவழியின் கணக்கு எனக்குப் புரிந்தது. அன்றிலிருந்து பிடித்த படங்களை ஒருமுறையாவது ஒலியில்லாமல் பார்க்கும் வழக்கம் எனக்கு உண்டு.

'பேப்பர் மூன்' 1973. இந்தப் படத்தில் பாலியின் கை எங்கெல்லாம் இருக்கிறது என்று பட்டியலிட்டால் வடிவமைப்பு என்ற சொல்லுக்குள் அது அடங்காது. மூலநாவல் தெற்கு மாநிலமான அலபாமாவில் நடக்கிறது. படம் கான்சாஸ் சமவெளிக்கு மாறியது. 1930களின் பொருளாதாரப் பெருவீழ்ச்சிக் காலத்தில், பைபிள் விற்று ஏமாற்றிப் பிழைக்கும் ஒருவனும் அவனுடைய மகளாக இருக்கக்கூடிய ஒரு சிறுமியும் காரில் ஊர் ஊராகப் போகிறார்கள். மரங்களும் கொடிகளும் அடர்ந்த தெற்கில் இந்த இருவரையும் எடுத்திருந்தால் அவர்கள் ஒரு வட்டாரக் கதையின் பாத்திரங்களாக இருந்திருப்பார்கள். அடிவானம் வரை ஒன்றுமே இல்லாத கான்சாஸில் அவர்களுக்கு ஒளிந்துகொள்ள இடமில்லை, ஒருவரையொருவர் தவிர வேறு துணையும் இல்லை.

அந்தச் சிறுமிக்கு ரயன் ஓ'நீலின் சொந்த மகள் டேட்டமைப் போடலாம் என்று சொன்னவரும் பாலிதான். டேட்டம் அதற்குமுன் நடித்ததில்லை. பத்து வயதில் ஆஸ்கர் வாங்கினாள். போட்டிப் பிரிவுகளில் இவ்வளவு இளவயதில் அந்த விருதை வேறு யாரும் இன்றுவரை வென்றதில்லை.

ஒளிப்பதிவாளர் லாஸ்லோ கோவாக்ஸ், வெல்ஸ் சொன்னபடி லென்ஸின்முன் சிவப்பு ஃபில்டரை வைத்தார். சிவப்பு ஃபில்டர் நீல வானத்தைக் கறுக்க வைக்கும், வெண்மேகத்தைப் பொங்க வைக்கும். அதேசமயம் சிவப்பாக இருப்பவற்றை வெளுக்கச் செய்யும். ஆக, வடிவமைப்பாளர் தன் கண்ணையே நம்ப முடியாது. செங்கல் சுவர் எப்படி மாறும், ஒரு பூப்போட்ட கவுன் எப்படி மாறும் என்று ஃபில்டரின் வழியாகப் பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும். திரையில் அந்தக் கான்சாஸ் பழைய புகைப்படம்போல் மங்கலாக இல்லை. கத்திபோல் கூராக இருக்கிறது. பெருவீழ்ச்சிக் காலத்தைச் செம்பழுப்பு நிறத்தில் உருக்கமாகக் காட்டும் படங்களைப் பார்த்துச் சலித்த எனக்கு இந்தக் கூர்மை மிகவும் பிடிக்கும். இந்தப் படத்துக்கும் வடிவமைப்புக்கான பரிந்துரை வரவில்லை.

இங்கே ஒரு வழக்கைத் தீர்த்துக்கொள்ள வேண்டும். பாக்டனோவிச்சின் சிறந்த படங்களையெல்லாம் உண்மையில் பாலிதான் எடுத்தார் என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். அவர் பிரிந்தபின் வந்த 'டெய்சி மில்லர்', 'அட் லாங் லாஸ்ட் லவ்' இரண்டின் தோல்வியை அதற்குச் சான்றாகக் காட்டுவார்கள். எனக்கு இதில் உடன்பாடு இல்லை. 1979இல் பாக்டனோவிச் எடுத்த 'செயிண்ட் ஜேக்' நல்ல படம். நடிகர்களின் பேச்சு எங்கே வேகமெடுக்க வேண்டும், ஒரு காட்சியை எப்போது வெட்டாமல் ஓடவிட வேண்டும் என்பது அவருக்கு அத்துப்படி. பாலிக்கு நியாயம் செய்வதற்காக இன்னொருவரின் திறமையைப் பறிக்கத் தேவையில்லை. எந்தக் கதை, எந்த ஊர், எந்த முகம் என்ற முதல் முடிவுகளில் பாலியின் தீர்ப்பு அந்த இயக்குநருக்குக் கிடைத்துவந்தது, பிறகு கிடைக்கவில்லை. இவ்வளவுதான் நான் சொல்வேன். இந்த முதல் முடிவுகளை எடுப்பவருக்கு வழக்கமான பெயர் தயாரிப்பாளர். 1973 வரை அவருக்கு அந்தப் பெயரை யாரும் தரவில்லை.

எழுபதுகளின் மீதியை வேகமாகக் கடக்கிறேன். 'தி பேட் நியூஸ் பேர்ஸ்', 'எ ஸ்டார் இஸ் பார்ன்' இரண்டும் அவர் வடிவமைத்து 1976இல் வந்தவை. லூயி மால் இயக்கி 1978இல் வந்த 'பிரிட்டி பேபி' படத்துக்குத் திரைக்கதை எழுதினார், அதில் இணைத் தயாரிப்பாளராகவும் பெயர் வந்தது. 1917இல் நியூ ஆர்லியன்ஸின் விலைமாதர் பகுதியில் வளரும் ஒரு சிறுமியின் கதை. சிறுமியாக நடித்த புரூக் ஷீல்ட்ஸ் அப்போது உண்மையிலேயே சிறுமி. அந்தக் குழந்தையைக் கேமரா பார்க்கும் விதம் என்னால் சகித்துக்கொள்ளக்கூடியதாக இல்லை. பாலியின் மேல் எவ்வளவு மரியாதை இருந்தாலும் இந்தப் படத்துக்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன்.

'டெர்ம்ஸ் ஆஃப் எண்டியர்மெண்ட்' 1983. இயக்குநர் ஜேம்ஸ் எல். புரூக்ஸ் தொலைக்காட்சியில் பெரும்புகழ் பெற்றவர், ஆனால் அதுவே அவர் இயக்கிய முதல் திரைப்படம். மூலநாவல் மீண்டும் மக்மர்ட்ரியுடையது. பதின்மூன்று ஆண்டுகளுக்குமுன் மக்மர்ட்ரியோடு டெக்சாஸ் சாலைகளில் அலைந்த பாலியைவிட இந்தப் படத்துக்குப் பொருத்தமான வடிவமைப்பாளர் யார்? இந்த முறை வறண்ட வடக்கு டெக்சாஸ் கிடையாது, ஹூஸ்டனின் ரிவர் ஓக்ஸ் என்ற செல்வர் குடியிருப்பு. ஷெர்லி மெக்லைன் நடித்த அரோரா ஒரு கைம்பெண். அவளுடைய வீடு, தோட்டம், படுக்கையறையில் ஒரு ரெனுவார் ஓவியம். அந்த ஓவியத்தைக் காட்டுவதாகச் சொல்லித்தான் பக்கத்து வீட்டு விண்வெளி வீரனை அவள் உள்ளே அழைக்கிறாள். பெருமைக்குரிய ஒரே சொத்து, வருபவர் யாரும் பார்க்க முடியாத அறையில் தொங்குகிறது. அரோராவின் குணத்தை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது.

மகள் எம்மாவின் வீடுகள் இதற்கு எதிர்ப்பக்கம். கணவனின் கல்லூரி வேலையோடு அயோவாவுக்கும் பிறகு நெப்ராஸ்காவுக்கும் இடம்பெயர்கிறார்கள். குழந்தைகள் கூடுகிறார்கள், பணம் கூடுவதில்லை. பொருள்கள் சேர்கின்றன, ஆனால் எதுவும் தேர்ந்து வாங்கியதாகத் தெரியவில்லை. தாயும் மகளும் தொலைபேசியில் பேசிக்கொள்ளும் காட்சிகளில் இந்த இரண்டு வீடுகளும் மாறி மாறி வருகின்றன. அவர்களுக்குள் இருக்கும் பிணக்கும் நெருக்கமும் பின்னணியிலேயே எழுதப்பட்டிருக்கும். படம் ஐந்து ஆஸ்கர்களை வென்றது. பாலிக்கும் அவருடைய குழுவினருக்கும் கலை வடிவமைப்புக்கான பரிந்துரை கிடைத்தது, விருது பெர்க்மனின் 'ஃபேனி அண்ட் அலெக்சாண்டர்' படத்துக்குப் போனது. வாழ்நாளில் அவருக்குக் கிடைத்த ஆஸ்கர் பரிந்துரை இது ஒன்றுதான்.

புரூக்ஸ் அவரை விடவில்லை. எண்பதுகளின் நடுவிலிருந்து சுமார் பத்தாண்டுகள் புரூக்ஸின் கிரேசி ஃபிலிம்ஸ் நிறுவனத்தில் உயர்பொறுப்பில் இருந்தார் பாலி. இடையே 1987இல் 'தி விட்சஸ் ஆஃப் ஈஸ்ட்விக்' படத்தை வடிவமைத்தார். அதே ஆண்டில் 'பிராட்காஸ்ட் நியூஸ்' படத்தின் நிர்வாகத் தயாரிப்பாளர். நாற்பத்தெட்டு வயதில் தொழில் மாறிவிட்டார் என்றுதான் குறிப்புகள் சொல்கின்றன. எனக்கு அப்படித் தோன்றவில்லை. சம்பளமும் பட்டமும் மாறின. 'டார்கெட்ஸ்' காலத்திலிருந்தே செய்துவந்ததைத்தான் அவர் தொடர்ந்தார்.

மேட் கிரேனிங் என்ற இளம் கேலிச்சித்திரக்காரர் வாரப் பத்திரிகைகளில் முயல்களை வைத்து 'லைஃப் இன் ஹெல்' என்ற தொடரை வரைந்துவந்தார். லாஸ் ஏஞ்சலஸில் சாகும் வழிகளைப் பற்றிய அவருடைய ஓவியம் ஒன்றை வாங்கி, பாலி புரூக்ஸுக்குப் பரிசளித்தார். ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு இடைத்துணுக்குகள் தேவைப்பட்டபோது புரூக்ஸுக்கு அந்த ஓவியர் நினைவுக்கு வந்தார். கிரேனிங் முயல்களின் உரிமையை விட்டுக்கொடுக்க விரும்பாமல் புதிதாக ஒரு குடும்பத்தை வரைந்தார். 1987 ஏப்ரலில் துணுக்குகளாகவும் 1989 டிசம்பரில் தனித்தொடராகவும் 'தி சிம்ப்சன்ஸ்' பிறந்தது இப்படித்தான். தற்செயல் என்று இதைச் சொல்பவர்கள், சுவரில் மாட்டத் தகுந்தது எது என்று பார்ப்பதையே தொழிலாகக் கொண்டவர் தேர்ந்த பரிசு அது என்பதை யோசித்துப் பார்க்க வேண்டும்.

1989இல் 'சே எனிதிங்'. கேமரன் குரோவ் அதுவரை பத்திரிகையாளர், திரைக்கதை எழுதுபவர். அவர் இயக்கிய முதல் படத்துக்குத் தயாரிப்பாளர் பாலி பிளாட். ஒளிப்பதிவாளர் யார் என்று பாருங்கள்: 'டார்கெட்ஸ்', 'பேப்பர் மூன்' எடுத்த அதே லாஸ்லோ கோவாக்ஸ். அனுபவமில்லாத இயக்குநரின் பக்கத்தில் இருபது ஆண்டு பழகிய ஒரு கண்ணை நிற்க வைப்பதைவிட நல்ல தயாரிப்பு முடிவு எனக்குத் தெரியவில்லை. அதே ஆண்டு 'தி வார் ஆஃப் தி ரோசஸ்' படத்தில் நிர்வாகத் தயாரிப்பாளர்களில் ஒருவர். விவாகரத்துக் கோரும் கணவனும் மனைவியும் தங்கள் அழகிய வீட்டுக்காகவே ஒருவரையொருவர் அழிக்கும் கதை. ஒரு வீட்டின் ஒவ்வொரு பொருளும் ஆயுதமாகும் அந்தப் படத்தின் பட்டியலில் அவர் பெயரைப் பார்ப்பது பொருத்தமாகவே இருக்கிறது.

எல்லாமே வெற்றி என்று எழுத முடியாது. புரூக்ஸ் இயக்கி, பாலியும் தயாரிப்பில் இருந்த 'ஐ வில் டூ எனிதிங்' இசைச்சித்திரமாக எடுக்கப்பட்டு, முன்னோட்டக் காட்சிகளில் பார்வையாளர்கள் வெறுத்ததால் பாடல்களெல்லாம் நீக்கப்பட்டு 1994இல் வெளிவந்து தோற்றது. பாடல்களுக்காகவே அமைத்த காட்சிகளிலிருந்து பாடல்களை எடுத்துவிட்டால் மிஞ்சுவது என்ன?

அந்தத் தோல்வியை ஒட்டித்தான் டெக்சாஸ் மீண்டும் அவரைத் தேடி வந்தது. டல்லாஸிலிருந்து கறுப்பு வெள்ளைக் குறும்படம் ஒன்று, பதின்மூன்று நிமிடம். எடுத்தவர் வெஸ் ஆண்டர்சன், நடித்தவர்கள் அவருடைய நண்பர்களான ஓவன் வில்சனும் லூக் வில்சனும். யாருக்கும் இவர்களைத் தெரியாது. பாலியின் கைக்கு வந்த அது புரூக்ஸிடம் போனது. புரூக்ஸ் டல்லாஸுக்கே சென்று அந்த இளைஞர்களைச் சந்தித்தார். 'பாட்டில் ராக்கெட்' முழுநீளப் படமாக 1996இல் வெளியானது, தயாரிப்பாளர்களில் ஒருவர் பாலி. சோதனைக் காட்சிகளில் கூட்டம் எழுந்து போனது. வசூல் பத்து லட்சம் டாலரைக்கூடத் தொடவில்லை. பிற்பாடு மார்ட்டின் ஸ்கோர்செசி தொண்ணூறுகளில் தமக்குப் பிடித்த படங்களின் வரிசையில் இதைச் சேர்த்தார். இன்று வெஸ் ஆண்டர்சன் என்றாலே அளந்து வைத்த சுவர்களும் தேர்ந்த வண்ணங்களும்தான் கண்முன் வரும். அவருடைய 'தி கிராண்ட் புடாபெஸ்ட் ஹோட்டல்' வடிவமைப்புக்கான ஆஸ்கரையும் வென்றது. வண்ணமே இல்லாத அந்தப் பதின்மூன்று நிமிடத்தில் பாலி எதைக் கண்டிருப்பார்? பணமில்லாத இளைஞர்கள் வெறும் தெருவையும் சாதாரண அறையையும் கவனத்தோடு பார்த்த விதத்தை என்று நினைக்கிறேன். அதை அடையாளம் காண ஆர்ச்சர் சிட்டியில் நின்று பார்த்த கண் வேண்டும்.

அவர் கடைசிவரை ஒரு படமும் இயக்கவில்லை. ஆசை இருந்தது, முயற்சிகளும் இருந்தன. தன் பக்கத்தில் நின்ற மூன்று தலைமுறை ஆண்களின் முதல் படங்களுக்குத் துணைநின்றவருக்கு ஒரு முதல் படத்துக்கான பணத்தை எந்த ஸ்டுடியோவும் எடுத்து வைக்கவில்லை. இதை நினைக்கும்போது வரும் கோபம், தொடக்கத்தில் சொன்னதைவிடப் பெரிது. அவருடைய மணமுறிவைவிட அமெரிக்க சினிமாவுக்குப் பெரிய இழப்பு இதுதான் என்பது என் உறுதியான கருத்து.

2011 ஜூலை 27 அன்று, எழுபத்திரண்டாம் வயதில், நரம்புகளைச் செயலிழக்கச் செய்யும் ஏ.எல்.எஸ். நோயால் நியூயார்க்கில் காலமானார். எழுதி வைத்த தன்வரலாறு நூலாக வராமலேயே இருந்தது. அதை அடிப்படையாகக் கொண்டு கரீனா லாங்வொர்த் 2020இல் ஒலித்தொடர் ஒன்றை வெளியிட்டார். வெல்ஸ் பல ஆண்டுகள் எடுத்து முடிக்காமல் விட்டு 2018இல் வெளியான 'தி அதர் சைட் ஆஃப் தி விண்ட்' படத்திலும் பாலியின் உழைப்பு இருக்கிறது.

பார்க்கத் தொடங்க விரும்புகிறவர்களுக்கு என் யோசனை: 'டார்கெட்ஸ்' முதலில். அதில் இரண்டு உலகங்களின் நிறங்களையும் கவனித்துவிட்டு 'தி லாஸ்ட் பிக்சர் ஷோ'வுக்குப் போங்கள். 'பேப்பர் மூன்' படத்தில் வானத்தைப் பாருங்கள். 'டெர்ம்ஸ் ஆஃப் எண்டியர்மெண்ட்' படத்தில் முகங்களை விட்டுவிட்டு எம்மாவின் வீடுகளில் என்னென்ன சேர்ந்துகொண்டே போகிறது என்று பாருங்கள். 'பாட்டில் ராக்கெட்' குறும்படமும் முழுப்படமும் கிடைத்தால் இரண்டையும் ஒரே மாலையில் பார்த்துவிடலாம், குறும்படத்தை முதலில்.